நினைவு வாங்கும் எயினி

முன்னொரு காலத்தில் இரண்டு நிலா காயும் நாடு ஒன்று இருந்தது. அந்த நாட்டில் எயினி என்று ஓர் அறிஞர். மற்றவர்கள் இலக்கணமும் வானநூலும் படித்துக்கொண்டிருந்தபோது, நினைவு மனத்தில் எங்கே தங்குகிறது, எப்படி வெளியேறுகிறது என்று அவள் ஆராய்ந்தாள். கடைசியில் ஒரு வித்தை கைகூடியது. தம்மை வாட்டும் நினைவை ஒருவர் அவள் காதில் சொன்னால் போதும். அது சொன்னவரை விட்டு நீங்கி அவளிடம் தங்கிவிடும். அவள் திருப்பிச் சொன்னால்தான் அவருக்கு மறுபடி வரும்.

இதில் ஒரு சங்கடம். அவளிடம் வந்த விஷயமும் அதோடு சேர்ந்தே மறந்துபோகும். அழுதுகொண்டு வந்தவர் கண்ணைத் துடைத்துவிட்டு, "நீங்க யாரும்மா? நான் எதுக்கு இங்க வந்தேன்?" என்று விழிப்பார்.

"தண்ணி குடிக்க வந்தீங்க," என்று எயினி குவளையை நீட்டுவாள்.

குடித்துவிட்டுப் போய்விடுவார்கள். ஊரில் பாதிப் பேரின் துக்கம் அவளுக்கு அத்துப்படி. ஆனால் தெருவில் நின்று அவளோடு இரண்டு வார்த்தை பேச ஆளில்லை. வந்தவர்களுக்கு அவளைத் தெரியாது. வராதவர்கள் பயந்து ஒதுங்குவார்கள். அரசவையில் மட்டும் அவளுக்கு ஓர் இருக்கை இருந்தது. அவள் குறும்பாக ஏதாவது சொல்வாள், அரசர் விழுந்து விழுந்து சிரிப்பார். சபை கலைந்ததும் அவரவர் தத்தம் வீட்டுக்குப் போவார்கள். எயினியும் போய், ஒரு பிடி அரிசி வேகவைத்துத் தனியாக உண்பாள்.

அரசர் அவளிடம் காட்டிய பிரியம் அமைச்சர் பூதனாருக்கும் அரண்மனைச் சோதிடர் ஏரகருக்கும் பொறுக்கவில்லை. ஒருநாள் பூதனார் அரசரை நெருங்கினார்.

"மன்னர் பெருமானே, சென்ற மழைக்காலத்தில் தாங்கள் எயினியின் வீட்டுக்குள் அழுதபடி நுழைந்தீர்கள். சீட்டியடித்துக்கொண்டு வெளியே வந்தீர்கள். வாசலில் நின்ற நான் கண்ணால் கண்டேன். தங்களுடைய ஏதோ ஒன்று அவளிடம் இருக்கிறது."

"என்ன அது?"

"தங்களுக்கே தெரியாதது எனக்கு எப்படித் தெரியும்? நாளைக்கு அதை வைத்தே தங்களை மிரட்டினால்?"

அரசருக்குச் சுருக்கென்றது. தம்முடைய பொருள் இன்னொருவரிடம் இருப்பதை எந்த அரசர்தான் பொறுப்பார்? உடனே திருப்பி வாங்கிவிட வேண்டும் என்று பிடிவாதம் பிறந்தது. அரசரின் பெயர் அடிபடக் கூடாதென்று, ஆணையைப் பூதனாரே பொதுப்படையாக எழுதிச் சபையில் வாசித்தார்.

"இந்த அவையில் இருப்போர் எயினியிடம் ஒப்படைத்த நினைவுகள் அனைத்தையும், அவள் இங்கேயே எல்லோர் காதிலும் விழும்படி திருப்பித் தரவேண்டும். மறுத்தால் சிரச்சேதம்."

ஏரகர் மீசைக்குள் சிரித்தார். அரசர் அன்று சொன்னது என்னவென்று எயினிக்குத் தெரியும். அதைத் திரும்பக் கேட்டால் அந்த மனிதர் ஒருவேளைச் சோறுகூட நிம்மதியாகச் சாப்பிட மாட்டார். அவள் எழுந்து வணங்கினாள்.

"ஆணைப்படியே செய்கிறேன், அரசே. இந்த அவையில் இருப்போர் அனைவருடையதும் என்றுதானே ஆணை? வந்த வரிசைப்படி கொடுத்துவிடுகிறேன். அமைச்சர் பூதனார் முன்னே வரட்டும்."

"நானா?" பூதனார் துள்ளினார். "உன் வீட்டு வாசற்படி தாண்டி நான் உள்ளே வந்ததே இல்லையே!"

"வந்தவர்கள் எல்லோரும் அப்படித்தான் சொல்கிறார்கள், ஐயா."

பூதனாருக்கு முகம் வெளுத்தது. தாம் எதை மறந்தோம், யாருக்கு என்ன செய்தோம் என்று மனத்துக்குள் துழாவினார். ஒன்றும் அகப்படவில்லை. அகப்படாததே பெரும் பீதியாக இருந்தது.

"அவருக்கு அடுத்து சோதிடர்," என்றாள் எயினி. "தொண்டையைச் சரிசெய்துகொள்கிறேன். கொஞ்சம் நீளமானது."

ஏரகர் அரசர் காலில் விழுந்தார். "பிரபு! ஆணையை ரத்து செய்யுங்கள்!" பூதனார் அவருக்கு முன்பே விழுந்திருந்தார். பின்வரிசையில் இருந்தவர்கள் நைசாகக் கதவுப் பக்கம் நகர்ந்தார்கள்.

அரசர் அவர்களைப் பார்த்தார். பிறகு தம்மையும் நினைத்துக்கொண்டார். ஆணையை வாங்கிக் கிழித்தெறிந்தார்.

"எயினி, உண்மையைச் சொல். பூதனார் உன்னிடம் வந்தாரா?"

"சொன்னால் திருப்பிக் கொடுத்ததாகிவிடும், அரசே. ஆணைதான் கிழிந்துவிட்டதே!"

அரசர் கிரீடம் சரியச் சிரித்தார். சபையை அனுப்பிவிட்டு, "என்ன வேண்டும், கேள். ஊரா? பல்லக்கா?" என்றார்.

எயினி வேண்டாமென்று தலையசைத்தாள்.

"எல்லோரும் என்னிடம் சொல்லிவிட்டுப் போகிறார்கள், அரசே. நான் சொல்வதைக் கேட்க ஒருவர் வேண்டும்."

"சொன்னால் உனக்கு மறந்துவிடாதா?"

"வித்தை எனக்குத்தான் தெரியும், தங்களுக்குத் தெரியாது. அதனால் என்னிடமும் இருக்கும், தங்களிடமும் இருக்கும்."

அரசர் அரியணையிலிருந்து இறங்கிப் படியில் உட்கார்ந்தார்.

"எனக்கு ஒரு மகள் இருந்தாள். பூவை என்று பெயர். காய்ச்சலில் போய்விட்டாள். அவளுடைய அப்பாவால் தாங்க முடியவில்லை. என்னிடமே வந்து அவள் நினைவைக் கொடுத்துவிட்டார். அவர் மனத்திலிருந்து அவளோடு நானும் போய்விட்டேன். இப்போது சந்தையில் கயிறு திரிக்கிறார். நான் போய் நின்றால், 'எத்தனை முழம் வேணும்மா?' என்று கேட்பார். வாங்கிக்கொண்டு வருவேன். வீடு நிறையக் கயிறு."

அரசர் தலை குனிந்திருந்தார்.

"பூவை எறும்புகளுக்கு வெல்லம் வைப்பாள், அரசே. வைத்துவிட்டு அதட்டுவாள். 'ஏய், தள்ளாதே! உனக்கு அப்பவே குடுத்தேன்ல? நொண்டி எறும்பு வரட்டும், எல்லாரும் வழி விடுங்க!'"

அரசருக்கு எங்கிருந்தோ சிரிப்பு பொங்கியது. அடக்கப் பார்த்தார், முடியவில்லை. அவர் சிரிப்பதைப் பார்த்து எயினிக்கும் சிரிப்பு வந்தது. பூவையை நினைத்து அவள் இன்னொருவரோடு சேர்ந்து சிரித்தது அதுதான் முதல் தடவை.

அரசர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அப்புறம்?" என்றார்.