கெண்டையும் சூரையும்

கடற்கரையாண்டிக்கு அறுபது வயது. அவருடைய குரு வடிவம்மைக்கு நாற்பதுகூட ஆகவில்லை. பொதிகை அடிவாரத்து மடத்தில் இதைச் சொல்லிச் சிரித்தவர்கள் உண்டு. உலைவாயை மூடலாம், ஊர்வாயை மூட முடியுமா? ஆண்டி அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. கடலில் வலை இழுத்த காலத்தில் முன்கோபத்தால் ஊரையே பகைத்துக்கொண்ட மனுஷன் அவர். மடத்து ஓடைக்கரைக்கு வந்தபிறகு ஒருவரையும் ஏசியதில்லை. அதில் அவருக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

அன்று காலை அம்மை அவரை ஓடைக்கரைக்குக் கூப்பிட்டாள்.

"அண்ணாச்சி, உங்க ஊர்ல நம்ம மடத்துக் கஞ்சிச்சாலை மூடிக் கிடக்கு. ரெண்டு தெருவும் அடிச்சுக்கிட்டதுல, அதை நடத்தப் போனவர் திரும்பி வந்துட்டார். உப்பளத்துப் பிள்ளைங்க மத்தியானம் பட்டினி. இன்னைக்கே நீங்க போகணும்."

ஆண்டி கையெடுத்துக் கும்பிட்டார்.

"வேற எந்த வேலைன்னாலும் சொல்லுங்கம்மா. அந்த ஊர் வெக்கையில கால் வச்சா பழைய ஆண்டி ஆயிருவேன். இங்கதான் எனக்கு அமைதி."

அம்மை ஓடையில் பொரியைத் தூவி, மீன்கள் கூடிய இடத்தில் செம்பை முக்கினாள். தண்ணீரோடு ஒரு குட்டிக் கெண்டையும் வந்தது.

"தொட்டுப் பாருங்க."

"ஓடை மாதிரியே சில்லுன்னு இருக்கு."

அவள் செம்பை வெயில் பாறையில் வைத்துவிட்டுக் கண்ணை மூடி உட்கார்ந்தாள். ஆண்டியும் உட்கார்ந்தார். அவர் கண் செம்பை விட்டு நகரவில்லை. பாறை சுட்டது, செம்பும் சுட்டது. கெண்டை மேலே வந்து வாயைப் பிளந்தது. அம்மை அசையவே இல்லை.

அவரும் எவ்வளவு நேரம்தான் பொறுப்பார்?

"ஏ பொம்பளை, ஒனக்குக் கண்ணு அவிஞ்சா போச்சு? சாவுது பாரு."

சொல்லிக்கொண்டே செம்பைப் பறித்தார். மீனைக் கையில் எடுத்தால் அதன் உடம்பும் வெதுவெதுவென்று இருந்தது. ஓடையில் விட்டார். பாறை நிழலில் சற்றுக் கிடந்துவிட்டு அது நீந்திப் போனது.

யாரை ஏசினோம் என்று அப்புறம்தான் அவருக்கு உறைத்தது. வெட்கம் பிடுங்கித் தின்றது.

"மன்னிக்கணும் அம்மா. இத்தனை வருஷமா கோபத்தை ஜெயிச்சுட்டேன்னு நெனச்சிருந்தேன்."

"ஓடை குளுமை. அதுல கிடந்த கெண்டையும் குளுமை. இதுல கெண்டை ஜெயிச்சது என்ன இருக்கு?"

ஆண்டி தலையைக் குனிந்துகொண்டார்.

"அப்ப கிடக்கிற தண்ணிதான் மீனோட கதியா? வேற வழியே இல்லையா?"

"கடல்காரர் நீங்கதான் சொல்லணும்."

அவர் யோசித்தார்.

"சூரை மீன் இருக்கு. கடல் எவ்வளவு குளுந்து கிடந்தாலும் சரி, பிடிச்ச உடனே அறுத்தா சதை கையில வெதுவெதுங்கும். தண்ணி எப்படி இருந்தாலும் தன்னோடதைத் தானே கொண்டு திரியும் அது."

"அந்தச் சூடு அதுக்கு எங்கிருந்து வருது?"

"எல்லாம் நீச்சல்லதான். ராப்பகல் நிக்காதும்மா. நின்னா செத்துரும்."

அம்மை காலிச் செம்பைப் பாறையில் கவிழ்த்து வைத்தாள்.

"அப்புறம் ஏன் அண்ணாச்சி இன்னும் உட்கார்ந்திருக்கீங்க?"