தாழ்ப்பாள் மிதந்த வழக்கு

முன்னொரு காலத்தில் மயிலக்குறிச்சிச் சீமையைக் கனகசிங்கன் என்றொரு ராஜா ஆண்டு வந்தான். ஆண்டதைவிட ஆட்டி வைத்ததுதான் அதிகம். ஒருநாள் அந்தப்புரத்து வாசலில் குனியாமல் நுழைந்தபோது, கதவின் மேல்தாழ்ப்பாள் அவன் நெற்றியில் 'ணங்'கென்று இடித்தது. போய் இடித்துக்கொண்டது ராஜாதான். ஆனால் அதை எடுத்துச் சொல்ல அந்த ஊரில் யாருக்கு இரண்டு கழுத்து இருக்கிறது?

"என்னை இடித்தது எது?" என்று கர்ஜித்தான் ராஜா.

"இரும்பு, பிரபு!" என்று முந்திக்கொண்டார் பொக்கிஷ அதிகாரி விடங்கப்பர். "கன்னங்கரிய நிறம், துருப்பிடித்த புத்தி. அதற்கு மரியாதை எங்கே தெரியும்? பொன் தாழ்ப்பாளாக இருந்தால் தங்கள் திருநெற்றியை முத்தமிட்டிருக்கும்."

ராஜா உச்சி குளிர்ந்துபோனான். "இன்று முதல் என் நாட்டில் இரும்புக்கு இடமில்லை! அதைத் தட்டிப் பிழைக்கும் கொல்லர்களுக்கும் இடமில்லை! எல்லா வேலையையும் பொன்னே பார்க்கட்டும்!"

பொன்னும் பார்த்தது. பொன் கலப்பை முதல் சாலிலேயே சுருண்டு படுத்தது. பொன் கோடரி மரத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டது. நாவிதர் பொன் கத்தியால் வழித்ததில் ராஜாவின் மீசை பாதியோடு நின்றுபோக, விசுவாசத்தைக் காட்டுவதற்காக அவையோர் எல்லோரும் ஆளுக்குப் பாதி மீசையைப் பிடுங்கிக்கொண்டார்கள். பகை நாட்டுத் தூதன் முன்னால் சேனாதிபதி பொன் வாளை உருவினார். அது தூதனுக்குத் தலைவணங்கிற்று. அவன் வாயைப் பொத்திக்கொண்டே ஊர் திரும்பினான்.

எல்லைச் சாவடியில் கொல்லர் குடும்பங்கள் மூட்டை முடிச்சோடு நிற்பதைப் பார்த்துவிட்டு வந்த அமைச்சர் மறைக்காடருக்குச் சோறு இறங்கவில்லை. நேரே அவைக்குப் போனார்.

"அரசே, விசாரிக்காமல் தண்டிப்பது நம் குல வழக்கமல்ல. இரும்புக்கு வாய் இல்லை. அதற்காக நான் வழக்காடுகிறேன்."

அந்த நாட்டின் நீதி விசித்திரமானது. வழக்கில் இரு தரப்பும் கல்தொட்டியில் இறங்க வேண்டும். மிதந்தவன் யோக்கியன். மூழ்கியவன் பொழுது சாய்வதற்குள் உற்றார் உறவோடு ஊரைவிட்டுப் போக வேண்டும். தொட்டியை நிரப்பும் பாடு குற்றம் சாட்டப்பட்டவனுடையது. அதில் எதிராளி குறை சொல்லக்கூடாது.

மறைக்காடர் இருக்கும்வரை தமக்கு இரண்டாம் இடம்தான் என்று நெடுநாளாகப் புழுங்கிக்கொண்டிருந்த விடங்கப்பருக்கு இப்போது வாயெல்லாம் பல். "ஆகட்டும்! அரசர் தரப்பில் பொன் இறங்கும். இரண்டும் மூழ்கினால் அரச கட்டளையே நிலைக்கும். அப்போது இரும்போடு அதன் வக்கீலும் நாட்டைவிட்டுப் போகவேண்டும். சம்மதமா, அமைச்சரே?"

"சம்மதம்" என்றார் மறைக்காடர்.

வீட்டில் அவர் மனைவி கேட்டாள்: "இரும்பாவது மிதக்கறதாவது! சட்டிபானையைக் கட்டட்டுமா?"

"பாதியைக் கட்டி வை" என்றார் அவர்.

வழக்கு நாள் வந்தது. மறைக்காடர் சொல்லியனுப்பியிருந்த அரண்மனை வைத்தியர்களின் ஆட்கள் சின்னச் சின்னக் குடங்களைக் கொண்டுவந்து தொட்டியில் ஊற்றினார்கள். ஒரு குடத்துக்கு நான்கு பேர். "என்ன சோம்பேறிகளப்பா!" என்று அவை முணுமுணுத்தது. தொட்டி நிறைந்ததும் அதற்குள் பார்த்தால் வெள்ளியை உருக்கி விட்டதுபோல் தளதளத்தது.

தாழ்ப்பாளை உள்ளே விட்டார்கள். அது மிதந்தது! மிதந்ததோடு நிற்காமல், ஊஞ்சலில் உட்கார்ந்த மாப்பிள்ளை மாதிரி ஆடவும் செய்தது. அடுத்து பொன் கட்டியை விட்டார்கள். 'களுக்'கென்று உள்ளே போனது. அகப்பையால் துழாவி எடுத்தபோது அதன் முகமெல்லாம் வெளுத்திருந்தது.

"ஐயோ, பொன்னுக்கு மூர்ச்சை போட்டுவிட்டது!" என்று கத்தினார் புரோகிதர்.

"இதென்ன மாயம்?" என்றான் ராஜா.

"மாயமில்லை அரசே, பாதரசம். சாதிலிங்கம் என்ற சிவப்புக் கல்லைச் சுட்டு வைத்தியர்கள் எடுப்பது. நீர்போல ஓடினாலும் உலோகம்தான். இரும்பைவிடக் கனம், அதனால் இரும்பைச் சுமக்கும். பொன் அதைவிடக் கனம், அதனால் மூழ்கும். பொன்மேல் ஒட்டியும்கொள்ளும். அந்த வெளுப்பு அதனால்தான்."

"தண்ணீர் இல்லை! செல்லாது!" என்று குதித்தார் விடங்கப்பர்.

"தொட்டியைக் குறை சொல்லலாமா, விடங்கப்பரே?" என்று கேட்டுவிட்டு மறைக்காடர் ராஜாவிடம் திரும்பினார். "தீர்ப்பு ஆகிவிட்டது அரசே. பொன் பொழுது சாய்வதற்குள் உறவுகளோடு கிளம்பவேண்டும். பொக்கிஷம், சிம்மாசனம், அப்புறம்..." அவர் பார்வை ராஜாவின் தலைக்கு ஏறியது.

ராஜா சட்டென்று கிரீடத்தைக் கழற்றி முதுகுக்குப் பின்னால் ஒளித்தான். "இது... இது பித்தளை!" என்றான். ராஜாவின் குரல் இறங்கியது. "மறைக்காடரே, ஒரு வழி சொல்லுமய்யா!"

"வழக்குத் தொடுத்தவர் அதை வாபஸ் வாங்கினால் இரு தரப்புக்கும் தண்டனை இல்லை, அரசே."

"வாங்கினேன்! வாங்கினேன்!" என்று அலறினான் ராஜா.

அன்றே கொல்லர்கள் ஊர் திரும்பினார்கள். மறைக்காடருக்கு ஒரு கிராமமும் பட்டுச் சால்வையும் கிடைத்தன. விடங்கப்பர் கையில் வெளுத்த பொன்கட்டியைக் கொடுத்து, "இது பழைய நிறத்துக்கு வந்தபிறகு நீர் அவைக்கு வந்தால் போதும்" என்று சொல்லிவிட்டான் ராஜா.

நெருப்பில் காய்ச்சினால்தான் பாதரசம் பொன்னை விட்டுப் போகும். விடங்கப்பர் அங்காளன் என்ற கொல்லனின் பட்டறைக்குப் போய் நிற்க வேண்டியதாயிற்று. அந்த வழியாக வந்த மறைக்காடர் வாசலில் நின்று வேடிக்கை பார்த்தார்.

"தள்ளி நில்லுங்க சாமி, அந்தப் புகை விஷம்" என்றான் அங்காளன். "இந்தாங்க இடுக்கி. கட்டியைப் புரட்டிப் போடுங்க."

"இரும்பா?" விடங்கப்பர் கையை இழுத்துக்கொண்டார். "பொன் இடுக்கி செய்யச் சொல்லி உத்தரவு போட்டேனே, அது எங்கே?"

"செஞ்சோம் சாமி. எங்களைத் துரத்தறதுக்கு முன்னாடி அதை வச்சுத்தான் பொன்னை உருக்கினோம். முதல்ல இடுக்கிதான் உருகிச்சு."