சுண்டெலி கடித்த மிளகாய்ச் செடி

காட்டோரக் குளத்தின் மேலக்கரையில் குருணை என்றொரு சுண்டெலி குடியிருந்தாள். ஆள் என்னவோ ஒரு விரல் நீளம்தான். வாய் மட்டும் சும்மா இருக்காது. வேர், விறகு, தூங்குகிற ஆமையின் ஓடு என்று எது கிடைத்தாலும் ஒரு கடி கடித்துப் பார்த்துவிடுவாள். எலிக்குப் பல் வளர்ந்துகொண்டே இருக்கும், கடித்துத் தேய்க்காவிட்டால் வாயை மூட முடியாது என்பது அவள் கட்சி. எலி வாய் வைத்தது எதுவும் விளங்காது என்பது குளக்கரையின் கட்சி.

வைகாசியில் ஒருநாள் ஆலமரத்திலிருந்து சிவப்பாக ஏதோ ஒன்று அவள் முன்னால் விழுந்தது. குருணை யோசிக்கிற ஆளா? கடித்தாள்.

அவ்வளவுதான். நாக்கு எரிந்தது, மூக்கு எரிந்தது, கண்ணில் நீர் கொட்டியது. குளத்தை மூன்று சுற்றுச் சுற்றி ஓடினாள். தண்ணீரில் தலையை முக்கினாள். எடுத்தால் இன்னும் எரிந்தது. மறுபடியும் முக்கினாள்.

"அது மிளகாப்பழம், தங்கச்சி" என்று மரத்தின் மேலிருந்து கிளி பச்சையப்பன் சொன்னான். "என் வாயிலேர்ந்து தவறி விழுந்துடுச்சு. எங்க கூட்டத்துல யாருக்கும் இது உறைக்காது. உன்னை மாதிரி பல்லு இருக்கிறவங்களுக்குத்தான் பாடு."

குருணை இருமினாள், தும்மினாள், பிறகு திடீரென்று சிரிக்க ஆரம்பித்தாள். கிளிக்கு ஒன்றும் புரியவில்லை.

"அண்ணே, இது பெருச்சாளிக்கு உறைக்குமா?"

"பெருச்சாளிக்கும் பல்லு இருக்குல்ல?"

"அப்ப எனக்கு இது வேணும். ஒண்ணு ரெண்டு இல்லே, என் வாசலை அடைக்கிற அளவுக்கு வேணும்."

அவள் கேட்டதில் காரணம் இருந்தது. கீழக்கரையில் மொந்தையன் என்றொரு பெருச்சாளி இருந்தான். ஐப்பசி மழையில் அவன் பொந்துக்குள் தண்ணீர் ஏறிவிடும். உடனே மேலக்கரைக்கு வந்து, குருணையின் வளையை மூக்காலேயே தோண்டிப் பெரிதாக்கி உள்ளே புகுந்துவிடுவான். போன வருஷம் அவள் சேர்த்து வைத்திருந்த கம்பு முழுவதையும் இரண்டே நாளில் தின்று தீர்த்தான். வெளியே விடாத மழை. பட்டினியில் அவளுடைய குட்டிகள் இரண்டு செத்துப் போயின. இந்த வருஷம் நான்கு குட்டிகள். அடுத்த மழைக்கும் நான்கும் இருக்க வேண்டும் என்பது ஒன்றுதான் அவள் மனத்தில் ஓடியது.

"நான் பறிக்கிற தோட்டத்துல காவல் போட்டுட்டாங்க. இதுதான் கடைசிப் பழம்" என்றான் பச்சையப்பன். "உள்ளே விதை இருக்கு. வீட்டுலயே போட்டு வளத்துக்கோ. நான் வழி சொல்றேன். காய்ச்சா பாதி எனக்கு."

"பாதியென்ன, வாசலுக்குப் போக மிச்சம் எல்லாம் உனக்கு!" என்றாள் குருணை.

அன்றைக்கே வேலை தொடங்கிவிட்டது. விதைகளை நிழலில் உலர்த்தினாள். ஒரு கொட்டாங்கச்சியில் வண்டல் மண்ணோடு பொடித்த ஆட்டுப்புழுக்கையைக் கலந்து, விதையை மேலாகத் தூவி மூடினாள். பொழுதுக்கும் அதன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். எட்டாம் நாள் ஐந்து பச்சைத் தலைகள் மண்ணை முட்டிக்கொண்டு வந்தன. குருணை குட்டிகளை இழுத்து வந்து வரிசையாக நிறுத்திக் காட்டினாள். அவற்றுக்கு இன்னும் கண்ணே திறக்கவில்லை என்பது அப்போது அவளுக்கு நினைவில்லை.

பக்கத்து வீட்டுத் தவளை தொப்புளான் எட்டிப் பார்த்தான்.

"என்ன இப்படிக் காயப் போட்டிருக்கே? தண்ணிய ஊத்து. ஒரு உசுருக்குத் தண்ணியை விட வேற என்ன வேணும்?"

தவளைக்கு அதுதான் தெரியும். குருணை அதைக் கேட்டுக்கொண்டு காலையும் மாலையும் ஊற்றினாள். ஒரே வாரத்தில் நான்கு கன்றுகள் அடித்தண்டு அழுகிச் சாய்ந்தன. குளக்கரை என்ன பேசியது தெரியுமா? தண்ணீரைப் பற்றி ஒருவரும் மூச்சுவிடவில்லை. "எலி கடிச்சிருப்பா" என்றார்கள். தொப்புளானே முன்னால் நின்று சொன்னான்.

குருணைக்கு அழுகை வந்துவிட்டது. எல்லோரும் பார்க்க, மிஞ்சிய ஒற்றைக் கன்றின் மேல் கை வைத்தாள். "இந்தச் செடி மேல என் பல்லு படாது. இது சத்தியம்" என்றாள்.

பச்சையப்பன் வந்து பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டான். "மேல்மண்ணைத் தொட்டுப் பாரு. ஈரம் இருந்தா ஊத்தாதே, காஞ்சிருந்தா ஊத்து. வேருக்கு மூச்சு முட்டக் கூடாது." சுள்ளி பொறுக்க வந்தவர்கள் போட்டுவிட்டுப் போன ஓட்டைச் சட்டி ஒன்று கிடந்தது. ஓட்டை வழியாகத் தண்ணீர் வடியும் என்பதால் அதுவே நல்லது என்றான் கிளி. கன்றை அதில் மாற்றி, வெயில் விழும் இடத்தில் வளை வாசலை ஒட்டி வைத்தார்கள்.

செடி நிமிர்ந்துகொண்டது. அதற்குப் பிறகு குருணையைப் பிடிக்க முடியவில்லை! தினமும் வாலால் அளந்தாள். ஒரு வால் உயரம் வந்தது, இரண்டு வால் வந்தது, மூன்றும் வந்தது. பல் அரித்தால் ஓடிப்போய்க் கருவேலங்குச்சியைக் கடித்தாள். போகிறவர் வருகிறவரை எல்லாம் நிறுத்தி, "எம் பொண்ணு எப்படி வளந்துட்டா பாத்தீங்களா?" என்றாள்.

கிளிக்கு மட்டும் அந்தப் பெருமை பிடிபடவில்லை.

"ஒத்தைக் கம்பா மேலே போகுதே, தங்கச்சி. நுனியைக் கிள்ளிவிடு. அப்பத்தான் பக்கத்துல கிளை வெடிக்கும். கிளை வந்தாத்தான் பூ, பூ வந்தாத்தான் காய்."

"கிள்ளவா? எதால?"

"எதாலயா? வாய்க்குள்ள கத்தி மாதிரி வச்சிருக்கியே, அதாலதான். என் மூக்கு வளைவு. நான் கடிச்சா தண்டு நசுங்கிடும்."

குருணைக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. "சத்தியம் பண்ணியிருக்கேன் அண்ணே. அதோட, வளர்ற பிள்ளை தலையைக் கிள்ளச் சொல்றியே, உனக்கே நல்லா இருக்கா?"

ஊரெல்லாம் கடிக்காதே என்று சொன்னபோது கடித்துத் தள்ளியவள், கடி என்று ஒருவன் வந்து கெஞ்சும்போது வாயை இறுக்கி மூடிக்கொண்டாள். "உன் இஷ்டம்" என்று கிளி பறந்துவிட்டான்.

ஆடி பிறந்தது. செடி நாலரை வால் உயரத்துக்குப் போய் ஆடிக்காற்றில் தள்ளாடியது. உச்சியில் இரண்டு பூ வந்தது. இரண்டும் உதிர்ந்தது. அந்த நேரம் பார்த்து மொந்தையன் உலாவிக்கொண்டே அந்தப் பக்கம் வந்தான்.

"என்னம்மா குருணை, வாசல்ல கொடிக்கம்பம் நட்டிருக்கே? நல்லதாப் போச்சு. மழை இருட்டுல உன் வீடு தெரியாம நான் அலைய வேண்டியதில்லை." வளைக்குள் மூக்கை நீட்டி ஒருமுறை மோந்தான். "கம்பு வாசனை இப்பவே தூக்குது. குட்டிகளும் கொழுகொழுன்னு இருக்கு போலிருக்கே" என்று சொல்லிவிட்டுப் போனான்.

குருணை குட்டிகளை உள்ளே தள்ளினாள். அண்ணாந்து செடியைப் பார்த்தாள். முதல்முறையாக அதை உள்ளபடி பார்த்தாள். உயரம் இருந்தது, பக்கத்தில் ஒரு கிளை கூட இல்லை. இத்தனை நாளும் அவள் வளர்த்தது மிளகாயை அல்ல, தன் நல்ல பெயரை. அந்தப் பெயரை வைத்து மொந்தையனைத் தடுக்க முடியுமா?

நடுப்பகல். குளக்கரை முழுக்க விழித்திருந்தது. குருணை சட்டி மேல் ஏறி, அங்கிருந்து பக்கத்துப் பாறைக்குத் தாவி, செடியின் நுனியை வளைத்துப் பிடித்தாள். கண்ணை மூடிக்கொண்டு ஒரே கடி. நுனி கையோடு வந்தது.

"கடிச்சுட்டா! சத்தியத்தை மீறிட்டா!" தொப்புளான் போட்ட சத்தத்தில் கொக்கு பறந்தது, ஆமை தலையை உள்ளே இழுத்தது. "நான் அப்பவே சொன்னேன்ல?"

"ஆமா, கடிச்சேன்" என்றாள் குருணை. குரல் உடைந்தாலும் தலையைக் குனியவில்லை. "எம் பிள்ளைங்களுக்காகக் கடிச்சேன். இதுக்கு மேல யார் என்ன வேணாலும் சொல்லிக்கங்க."

ஐந்து நாள் ஒன்றும் நடக்கவில்லை. பத்து நாளும் ஆயிற்று. செடி மொட்டையாக நின்றது. தொப்புளான் தினமும் வந்து பார்த்து உச்சுக் கொட்டிவிட்டுப் போனான். பதினோராம் நாள் காலையில் குருணை இலைக்கு அடியில் பார்த்தாள். ஒவ்வொரு கணுவிலும் ஒரு பச்சை மணி! ஏழு கணுவில் ஏழு கிளை! அவள் போட்ட கூச்சலில் பச்சையப்பன் பக்கத்து மரத்திலிருந்து பறந்து வந்தான்.

"வெடிச்சிருச்சு அண்ணே, வெடிச்சிருச்சு!"

"சரி சரி, கத்தாதே. இன்னும் பத்து நாள் பொறுத்து, அந்தக் கிளைகளோட நுனியையும் ஒரு தரம் கிள்ளு. அதோட நிறுத்திக்கோ."

அப்படியே செய்தாள். கிள்ளியதும் பல் இன்னும் கேட்டது. இளந்தளிரின் ருசி அப்படி. ஆனால் குருணை இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு கருவேலங்குச்சியைத் தேடி ஓடினாள். கடிக்கத் தெரிந்தவளுக்கு நிறுத்தவும் தெரிந்துவிட்டது.

ஆவணிக் கடைசியில் செடி குடை மாதிரி விரிந்து வெள்ளையாகப் பூத்தது. பூ உதிராமலிருக்கக் காலையில் செடியை லேசாக ஆட்டிவிடு என்றான் கிளி. அவள் குட்டிகளைக் கூப்பிட்டாள். இப்போது கண் திறந்து, காலும் வாலும் வலுத்துத் திரிந்த நான்கும் தண்டைப் பிடித்து ஆட்டின. பூவெல்லாம் பிஞ்சாயிற்று, பிஞ்செல்லாம் காயாயிற்று. புரட்டாசி முடிவதற்குள் இலை தெரியாமல் சிவந்து தொங்கியது. அறுபதுக்கு மேல் எண்ண முடியாமல் குருணை எண்ணுவதையே விட்டுவிட்டாள்.

பழங்களைப் பறித்துப் பாறையில் காயப் போட்டார்கள். நான்கு நாள் வெயில் கிடைத்தது. ஐந்தாம் நாள் கிழக்கே மேகம் கறுத்தது. வாசலில் தூவ இன்னும் மிளகாயை இடிக்கவில்லை. குருணை இடிக்கப் போனால் கண்ணெரியும், குட்டிகள் தொட்டால் அலறும்.

"அட, இதுக்கா தவிக்கிறே?" என்று பச்சையப்பன் வளை வாசலில் இறங்கினான். கிளி சாப்பிட்டுப் பார்த்திருக்கிறீர்களா? ஒன்றைத் தின்றால் மூன்றைச் சிந்தும். ஒரு மணி நேரம் விருந்து சாப்பிட்டான். தோலும் விதையும் பொடியுமாக வாசல் முழுக்கச் சிவந்துவிட்டது. அதன் மேல் மண்ணைத் தள்ளி மூடிவிட்டு, குருணை பின்னாலிருந்த குறுகிய வழியாக உள்ளே போனாள். மழை கொட்ட ஆரம்பித்தது.

மறுநாள் காலையில் மொந்தையன் நனைந்துகொண்டே வந்தான்.

"குருணை, விருந்தாளி வந்திருக்கேன்" என்றபடி மூக்கை மண்ணுக்குள் செருகி ஆழமாக ஓர் உறிஞ்சு உறிஞ்சினான்.

உள்ளே நான்கு குட்டிகளும் தாயை ஒட்டி மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தன. வாசலில் ஒரு தும்மல். அடுத்து ஒன்பது தும்மல், நடுவில் மூச்சுவிடக்கூட இடமில்லாமல். "ஐயோ எம் மூக்கு!" என்று மொந்தையன் முன்னங்காலால் மூக்கைத் தேய்த்தான். காலிலும் மிளகாய். தேய்க்கத் தேய்க்கக் கண்ணுக்கும் பரவியது. குளத்தில் விழுந்தான், எழுந்தான், வழி தெரியாமல் ஆமை மேல் மோதினான், ஊளையிட்டுக்கொண்டே காட்டுக்குள் ஓடினான். மேலக்கரைப் பக்கம் அவன் பிறகு தலைவைத்துப் படுக்கவில்லை.

அந்த மழை இருபது நாள் விடாமல் பெய்தது; அதன் பிறகும் மார்கழி வரை விட்டுவிட்டுப் பெய்தது. உள்ளே கம்பு இருந்தது, கதகதப்பு இருந்தது. தை பிறந்து வெயில் வந்தபோது குருணை வெளியே வந்தாள். அவள் பின்னால் ஒன்று, இரண்டு, மூன்று, நான்கு என்று குட்டிகள் வரிசையாக வந்தன. அவள் திரும்பித் திரும்பி எண்ணிக்கொண்டே இருந்தாள்.

ஊர் பழிக்கிறது என்று நம் திறமையை மூட்டை கட்டி வைக்க வேண்டாம். இடமும் அளவும் அறிந்து பயன்படுத்தினால் அதுவே நம்மையும் நம்மை நம்பியவர்களையும் காப்பாற்றும்.