அழலி கொடுத்த வெளிச்சம்

அந்தக் காலத்தில் விண்மீன்களும் பேசின; கோபித்துக்கொண்டன, சமாதானமும் ஆயின. வானத்தின் வெகு தொலைவில், நம் கண்ணுக்கு எட்டாத இடத்தில், அவை ஓர் ஊராகக் கூடி வாழ்ந்தன. அப்போது அந்த ஊர் தோசைக்கல் போல வட்டமாக இருந்தது. இப்போது இருப்பதுபோல நடுவில் நேரான தண்டும் இல்லை, ஓரத்தில் வளைந்த கைகளும் இல்லை.

ஊரின் விளிம்பில் செவ்வி என்றொரு சிறு விண்மீன் இருந்தாள். சிவந்த நிறம். தன் நெருப்பைக் கிள்ளிக் கிள்ளித்தான் செலவழிப்பாள். பக்கத்திலேயே அவள் அக்கா அழலி. நீல நிறம், ஆளும் பெரியவள், எரிவதில் தாராளம். இப்படி எரிந்தால் எத்தனை காலம் தாங்கும் என்று செவ்வி ஓயாமல் கடிந்துகொள்வாள். அழலி சிரித்துவிட்டு இன்னும் கொஞ்சம் கூடுதலாக எரிவாள்.

அப்படியிருக்க, வேறொரு பெரிய விண்மீன் கூட்டம் இவர்கள் ஊரை உரசிக்கொண்டு போனது. அதன் இழுப்பில் வட்டம் குலைந்தது. விளிம்பில் இருந்தவர்கள் கொத்துக் கொத்தாகப் பிய்ந்து இருட்டுக்குள் சரிந்தார்கள். நடுவூர்க்காரர்கள் மட்டும் சுதாரித்துக் கைகோத்து, ஒரு தண்டுபோல நேராக நின்றுகொண்டார்கள். முனையைப் பிடித்துக்கொண்டால் எல்லாரையும் இழுத்துக்கொள்கிறோம் என்று அங்கிருந்து குரல் கொடுத்தார்கள்.

குரல் கேட்டது. வழிதான் தெரியவில்லை. கிளம்பிய புழுதி செவ்வியின் கண்ணை மறைத்தது. அவளைச் சுற்றிலும் அவளைப் போன்ற சின்னஞ்சிறு விண்மீன்கள் நடுங்கிக்கொண்டிருந்தன. அழலிக்குப் பலம் உண்டு. தனியே போய்ச் சேர்ந்திருக்கலாம். அவள் போகவில்லை.

"செவ்வி, தண்டு எந்தப் பக்கம் என்று தெரிந்தால் இவர்களை நீ கூட்டிக்கொண்டு போய்விடுவாயா?"

"போய்விடுவேன் அக்கா. ஒன்றும் தெரியவில்லையே."

"நான் தெரியவைக்கிறேன். என்னைத் திரும்பிப் பார்த்துக்கொண்டு நிற்காதே. பிடித்த கையை விடாதே."

செவ்விக்குப் புரிந்துவிட்டது. வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் சின்னவர்கள் அவள் கையைப் பற்றிக்கொண்டார்கள். அவள் அந்தக் கைகளை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

அழலி தன்னிடம் இருந்த நெருப்பு முழுவதையும் ஒரே மூச்சில் திறந்துவிட்டாள். ஊரே சேர்ந்து எரிந்தாலும் வராத வெளிச்சம் அது. புழுதி விலகி, தண்டு பளிச்சென்று தெரிந்தது. செவ்வி பாய்ந்து அதன் முனையைப் பற்றினாள். அவள் பின்னால் ஒருவர் கையை ஒருவர் பிடித்து, நீண்டு வளைந்து எல்லாரும் வந்தார்கள். அதே வெளிச்சத்தில் எதிர் விளிம்பில் இருந்தவர்களும் தண்டின் மறுமுனையில் அப்படியே கோத்துக்கொண்டார்கள். தண்டு சுழன்றது, வளைந்த இரண்டு கைகளும் கூடவே சுழன்றன. ஒருவரும் தொலையவில்லை.

வெளிச்சம் மெல்ல மங்கி அணைந்தது. அப்போதுதான் செவ்வி அழுதாள். காலம் போனது. அழலி சிதறிய இடத்தில் புழுதி திரண்டு, நீல நிறத்தில் பல குழந்தைகள் பிறந்தார்கள். செவ்வி அவர்களிடம் நடந்ததைச் சொன்னாள். இனி இருள் எப்போது நெருக்கினாலும் எங்களில் ஒருவர் அழலியைப் போல எரிந்து வெளிச்சம் கொடுப்பார் என்று அவர்கள் வாக்குக் கொடுத்தார்கள். வாக்கு இன்றுவரை தவறவில்லை.

அன்று முதல்தான் அந்த விண்மீன் ஊர் நடுவில் நேரான தண்டும் இருபுறமும் வளைந்த கைகளுமாகச் சுழல்கிறது. அந்தக் கைகளில் அவ்வப்போது ஒரு விண்மீன் திடீரென்று வெடித்து, ஊர் முழுவதற்கும் ஒளி கொடுத்துவிட்டு அணைகிறது.