திருத்துகிற காது

"இந்தக் காலத்துப் பாட்டுல கள்ளங்கபடமில்லாத குரல் ஒண்ணுகூட இல்லை டீச்சர்," என்றார் எபநேசர்.

ரூபி டீச்சர் பெரம்பூர் தேவாலயத்தில் பாடகர் குழுவை நடத்துகிறவள். அவரைவிடப் பதினைந்து வயது இளையவள்.

எபநேசருக்கு ஒலிப்பதிவுக் கூடத்தில் வேலை. யார் பாடினாலும் சுருதி விலகிய இடத்தைக் கம்ப்யூட்டரில் நேராக்குவார். மூச்சு வாங்கும் சத்தத்தை வெட்டி எறிவார். இருபது வருஷமாக அதுதான் பிழைப்பு.

"அப்ப பழைய பாட்டு கேளுங்களேன்."

"கேட்டேன்."

எபநேசர் காதைத் தேய்த்துக்கொண்டார்.

"சின்ன வயசுல நானும் தங்கச்சி சாராவும் பாடின கேசட் ஒண்ணு இருக்கு. அவ இப்ப இல்லை. போன வாரம் அதைப் போட்டேன். மூணாவது வரியில அவ சுருதி இறங்குது. அதுக்கப்புறம் அந்தப் பிசகு மட்டும்தான் காதுல விழுது. சாரா விழலை."



"சனிக்கிழமை ஒத்திகைக்கு வாங்கண்ணா."

போனார். கடைசி பெஞ்சில் உட்கார்ந்தார். முப்பது பேர் பாடி முடித்தார்கள்.

"யார் விலகினது?" என்று கேட்டாள் டீச்சர்.

"ரெண்டாவது வரிசையில கண்ணாடி போட்ட அம்மா. ரெண்டு இடம். அவங்க பக்கத்துல நிக்கிற போஸ்ட்மேன் நாலு இடம்."

"சரிதான். அடுத்த சனிக்கிழமையும் வாங்க."

அடுத்த வாரமும் அதே கேள்வி. அதே பதில். போஸ்ட்மேனுக்கு மட்டும் ஐந்து இடம்.

"இந்தக் காதை வச்சுக்கிட்டு நான் என்ன பண்ணட்டும்?" என்று கேட்டார் எபநேசர்.

மூன்றாம் வாரம் அவரைப் பெஞ்சில் உட்காரவிடவில்லை. கண்ணாடி அம்மாவுக்கும் போஸ்ட்மேனுக்கும் நடுவில் கொண்டுபோய் நிறுத்தினாள். கையில் பாட்டுப் புத்தகத்தைத் திணித்தாள்.

"வாய் திறந்து பாடி முப்பது வருஷமாச்சு டீச்சர்."

டீச்சர் கையை உயர்த்தினாள். ஆர்மோனியம் ஒலித்தது.

முதல் வரிக்கு அவர் உதடு பிரியவில்லை. இரண்டாவது வரியில் முனகினார். போஸ்ட்மேன் அவர் காதருகே முழங்கிக்கொண்டிருந்தார். பல்லவி திரும்பி வந்தபோது தொண்டை தானாகத் திறந்துகொண்டது.

பாட்டு முடிந்தது. கண்ணாடி அம்மா எதுவும் கேட்காமல் தன் கைக்குட்டையை அவரிடம் நீட்டினாள்.

"யார் விலகினதுண்ணா?"

எபநேசர் திருதிருவென்று விழித்தார்.

"கவனிக்கலை டீச்சர். நான் பாடிக்கிட்டிருந்தேன்."