காற்று இருக்கிறதா என்று பார்த்தவர்

கொடுமுடிக்கு மேற்கே காவிரிக் கரையில் மங்கையர்க்கரசி அம்மையின் மடம் இருந்தது. அம்மைக்கு வயது நாற்பதைத் தொடவில்லை. அவரிடம் சீடராக வந்து சேர்ந்த தணிகாசலம் போலீஸில் சப்-இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர்.

"மனசு ஒரு நிமிஷம் சும்மா இருக்க மாட்டேங்குதும்மா. ஏதாவது வழி சொல்லுங்க" என்று கேட்டுத்தான் வந்தார்.

அம்மை மடத்து சைக்கிளைக் காட்டினார். "ஆத்தோரக் காலனியில எழுந்து நடமாட முடியாதவங்க சிலபேர் இருக்காங்க. சாயங்காலம் அவங்களுக்குக் கஞ்சி கொண்டுபோய்க் குடுங்க."

கஞ்சி காய்ச்சுகிறவன் மாரப்பன். ஒரு காலத்தில் சைக்கிள் திருடி ஜெயிலுக்குப் போய்வந்தவன். அவன் அதை யாரிடமும் மறைத்ததில்லை. தணிகாசலத்துக்கோ அவன் நடையைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

கொஞ்ச நாள் எல்லாம் ஒழுங்காகப் போயிற்று. ஒருநாள் வேலமுள் ஏறிப் பின்சக்கரம் பஞ்சரானது. ஒட்டிக்கொண்டு வந்தார். அன்றைக்குப் பிடித்தது வினை. காலையில் நிறைய அடித்து வைத்த காற்று, சாயங்காலம் கிளம்பும்போது பாதிதான் இருந்தது. புது டியூப் மாற்றினார். புது டயரே போட்டார். அப்படியும் இறங்கியது. சைக்கிள் கொட்டகைக்குப் பூட்டுப் போட்டு, சாவியை மடியில் செருகிக்கொண்டார். அப்படியும் இறங்கியது.

பூட்டைத் திறக்கத் தெரிந்தவன் மடத்தில் ஒருவன்தானே இருக்கிறான் என்று நினைத்தார்.

பிறகு ஒரு சாயங்காலம் பாதி வழியில் சக்கரம் சுத்தமாகத் தரையோடு தரையாகிவிட்டது. தள்ளிக்கொண்டே போய்ச் சேர்ந்தபோது, வேலாத்தாக் கிழவி பசியோடு சுருண்டு தூங்கிப்போயிருந்தாள். தட்டி எழுப்பியும் வாய் திறக்கவில்லை. ஆறிப்போன கஞ்சியைத் திரும்பக் கொண்டுவந்தார். வரும் வழியெல்லாம் அவருக்கு மாரப்பன் முகம்தான் கண்ணில் நின்றது.

மறுநாள் காலையில் அம்மையிடம் போனார்.

"யாரோ வேணும்னே காத்தப் பிடுங்கி விடறாங்கம்மா."

"யாரு?"

"கையும் களவுமா பிடிக்காம பேர் சொல்லக் கூடாது."

"மனசுல பேர் இருக்குதா?"

"இருக்குதுங்க."

அடுப்படியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த சத்தம் நின்றது.

அம்மை அந்தப் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தார். "மாரப்பண்ணா, மத்தியானம் நீங்களே சைக்கிளுக்குக் காத்தடிச்சு வையுங்க. ஐயா கூடவே நின்னு பார்க்கட்டும்."

சாப்பாடு ஆனதும் மாரப்பன் பம்பை எடுத்து வந்தான். சக்கரத்தைச் சுற்றி வால்வைக் கீழ்ப்பக்கம் கொண்டுவந்தான். மூடியைக் கழற்றித் தணிகாசலத்தின் கையில் கொடுத்தான். குழாயை வால்வில் அழுத்திக் கவ்வவைத்து, பம்பின் அடித்தட்டை இரண்டு காலாலும் மிதித்துக்கொண்டு நிதானமாக அடித்தான். பாதியில் நிறுத்தி, டயர் எங்கேயாவது பிதுங்கி நிற்கிறதா என்று சுற்றிலும் தடவிப் பார்த்தான். மறுபடி அடித்தான். குழாயை எடுத்ததும் விரலில் எச்சில் தொட்டு வால்வின் வாயில் வைத்தான். குமிழ் வரவில்லை.

"பாத்துக்குங்க ஐயா. ஒழுகல."

தணிகாசலம் குனிந்து பார்த்தார். குமிழ் இல்லைதான். இருந்தாலும் இவன் எச்சில், இவன் விரல்.

மூடியை வாங்கிப் போட்டுவிட்டு மாரப்பன் போய்விட்டான். தணிகாசலம் வேப்பமரத்தடியில் சைக்கிளை நிறுத்தி, எதிரே பலகை போட்டு உட்கார்ந்தார். அம்மை கொஞ்சம் தள்ளி முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார்.

கொஞ்ச நேரம் கழிந்தது. தணிகாசலம் எழுந்துபோய் டயரை அமுக்கிப் பார்த்தார். கல் மாதிரி இருந்தது. வந்து உட்கார்ந்தார். புது டயராயிற்றே, இந்த விறைப்பு டயருடையதா, காற்றுடையதா? மறுபடி எழுந்தார். மூடியைக் கழற்றி, வால்வுக்குள் இருந்த ஊசியை நகத்தால் அழுத்தினார். புஸ்ஸென்றது. இருக்கிறது.

அடுப்படியில் மாரப்பன் இருமினான். இப்போது எதற்கு இருமுகிறான்? எழுந்துபோய் அழுத்தினார். புஸ். இருக்கிறது.

மாரப்பன் தண்ணீர் எடுக்கக் கிணற்றடிக்கு வந்தான். இந்தப் பக்கம் திரும்பாமலே போனான். திரும்பாமல் போகிறவனை நம்பவே கூடாது. புஸ்.

வெயில் சாயும்வரை அப்படியே போயிற்று.

கஞ்சித் தூக்கு தயாராகி வந்தது. தணிகாசலம் சைக்கிளை ஸ்டாண்டிலிருந்து தள்ளினார். பின்சக்கரம் சப்பையாக உட்கார்ந்தது.

"பார்த்தீங்களாம்மா!"

"மாரப்பண்ணன் கிட்ட வந்தாரா?"

"வரல."

"வேற யாராவது?"

"ஒரு ஈ காக்கா வரல. காத்தடிக்கும்போதே அவன் ஏதோ பண்ணியிருக்கான். தொழில் தெரிஞ்சவன்."

"மத்தியானம் பூரா புஸ்ஸு புஸ்ஸுன்னு கேட்டுட்டே இருந்துச்சே, அது என்னங்க?"

"அது நான்தாங்க. காத்து இருக்குதான்னு..."

அவர் வலது கைக் கட்டைவிரலைப் பார்த்தார். நக இடுக்கில் கறுப்பாக அழுக்கு ஏறியிருந்தது. எத்தனை நாள் அழுக்கோ. கொட்டகையைப் பூட்டுவதற்கு முன்னால், திறந்த பிறகு, குளித்துவிட்டு வரும்போது, ஜபம் முடிந்து எழும்போது என்று தினமும் அழுத்தியதெல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது.

மாரப்பன் துணிப்பையோடு வெளியே வந்தான்.

"கிளம்பறனுங்க அம்மா. நான் இங்க இருந்தா ஐயாவுக்கு நிம்மதி இருக்காது."

மாரப்பன் பையைப் பிடித்தபடி நின்றான். தணிகாசலம் பம்பைத் தேடி எடுத்தார். மத்தியானம் மாரப்பன் செய்ததுபோலவே குழாயைப் பொருத்தி, மூச்சு வாங்க வாங்க அடித்தார். குழாயை எடுத்ததும் கட்டைவிரல் தானாக வால்வின் பக்கம் போயிற்று. பாதி வழியில் அதை மடக்கிக்கொண்டார். மூடியைப் போட்டார்.

"அம்மா, திறந்து பார்க்காம, உள்ள இருக்குதுன்னு எப்படிங்க நம்பறது?"

அம்மை கஞ்சித் தூக்கை எடுத்து சைக்கிள் கைப்பிடியில் மாட்டினார்.

"ஏறி மிதிங்க" என்றார். "மாரப்பண்ணன் பின்னால உட்காரட்டும்."