ஒரே ஒரு வெள்ளைக் கொட்டை

உலகநாதன் ஜீப்பை விட்டு இறங்கியபோது மடத்தில் கஞ்சி கொதித்துக்கொண்டிருந்தது.

மடம் என்றதும் கோபுரத்தையும் யானையையும் நினைத்துவிட வேண்டாம். தாமிரபரணிக் கரையில் ஒரு மருதமரம், அதையொட்டி ஓலைக் கொட்டகை, மூன்று கல் அடுப்பு, அவ்வளவுதான். பசி என்று வருகிறவர்களுக்கு மத்தியானம் பயறுக் கஞ்சி கிடைக்கும். அதனால் அங்கே இருந்தவருக்குக் கஞ்சிச் சாமி என்று பெயர். உலகநாதனுக்கு அவர் குரு. வயதில் உலகநாதனைவிட நாலு வருஷம் இளையவர். அரசியலில் தன்னைவிட இளையவனைத் தலைவன் என்று ஒப்புக்கொள்ள மாட்டாத உலகநாதன், இந்த ஒருவர் காலில் மட்டும் இடுப்பு வலியையும் பாராமல் விழுந்து எழுவார்.

அன்றும் விழுந்து எழுந்தார்.

"நாளன்னைக்கு ஓட்டு, சாமி. இன்னைக்கு அஞ்சு மணியோட பிரசாரம் முடியுது. கடைசிக் கூட்டம். திருநீறு வாங்கிட்டுப் போலாம்னு வந்தேன்."

"திருநீறுக்கா இவ்வளவு தூரம் வந்தீரு?"

உலகநாதன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். வருகிற வழியெல்லாம் அவர் கட்சிக்காரர்கள் ஒட்டிய சுவரொட்டிகள் இருந்தன. 'இன்று மாலை! சூசைமாணிக்கத்தின் உண்மை முகம்!' என்று சிவப்பு எழுத்தில். சாமி படிக்காமலா இருந்திருப்பார்?

சூசைமாணிக்கம்தான் தொகுதியில் அவரை எதிர்த்து நிற்கிறவர். எதிரி என்றால் நேற்று முளைத்த எதிரி இல்லை. நெருக்கடிநிலைக் காலத்தில் இருவரும் சிறையில் ஒரே கொட்டடியில் கிடந்தவர்கள். ஒரே பீடியை ஆளுக்கு ரெண்டு இழுப்பு என்று பங்கு போட்டவர்கள். சர்வாதிகாரம் போனது, தேர்தல் வந்தது, கட்சி ஜெயித்தது. ஜெயித்த சூட்டோடு ரெண்டாக உடைந்தது. உலகநாதன் ஒரு துண்டில் நின்றார், சூசை மறு துண்டில்.

போன வாரம் ஒரு கூட்டத்தில் சூசை சொல்லிவிட்டார்: "அண்ணாச்சி உலகநாதன் ஜெயிலுக்குப் போனது நெசம். ஆனா போனவரு கொசுவலையோடல்லா போனாரு!"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்ததாம். உலகநாதனுக்கு அன்றிலிருந்து தூக்கமில்லை.

"சாமி, ஒண்ணு கேக்கணும்" என்றார். "உள்ள இருக்கையில நாம எல்லாரும் ஒண்ணா இருந்தோம். வெளிய வந்ததும் ஏன் இப்படி நாசமாப் போனோம்?"

சாமி அடுப்பில் விறகைத் தள்ளினார்.

"ஒண்ணாவா இருந்தோம்?"

"இல்லையா பின்ன? கிறிஸ்துமஸுக்கு சூசை பாடினான், நாங்க ஏழெட்டுப் பேரு விபூதி பூசிக்கிட்டுத் தாளம் போட்டோம். எனக்குக் காய்ச்சல் வந்தப்போ அவன் தன்னோட போர்வையைப் போத்திவிட்டான். அந்த மாதிரி ஒரு காலம் இனி வருமா, சாமி? ராத்திரி படுத்தா அந்தக் கொட்டடிதான் கண்ணுக்குள்ள வருது."

சிறையை நினைத்து ஏங்குகிறவனைக் கிறுக்கன் என்றுதான் ஊர் சொல்லும். ஆனால் உலகநாதன் உண்மையாகவே ஏங்கினார். சொல்லும்போது அவர் கண் கலங்கியது. மேடைக்குக் கலங்குகிற கண் வேறு, இது வேறு.

சாமியும் அதே கொட்டடியில் இருந்தவர்தான். ஐந்து பேர் கூடக்கூடாது என்று உத்தரவு இருந்த நாளில் மடத்து வாசலில் கஞ்சிக்கு ஐம்பது பேர் நின்றார்கள். யார் கூட்டிய கூட்டம் என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். "பசி கூட்டுன கூட்டம். முடிஞ்சா அதைப் பிடிச்சு உள்ள போடும்" என்றார் சாமி. பசியைப் பிடிக்க முடியாததால் சாமியைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.

உள்ளே முதல் நாளே சண்டை. கஞ்சி ஒரே வாளியில் வரும், யார் பரிமாறுவது? சாமிதான் வழி சொன்னார்: "வெளியதான் தேர்தலைத் தள்ளி வச்சுட்டான். நாம உள்ள வச்சுக்குவோமே."

குழம்பில் வந்த புளியங்கொட்டைகளைச் சேர்த்தார்கள். பாதியைத் தரையில் உரசி வெள்ளையாக்கினார்கள், பாதியைக் கறுப்பாகவே விட்டார்கள். உலகநாதனுக்குக் கறுப்பு, சூசைக்கு வெள்ளை. பொத்திய கையைத் தண்ணீர்ப் பானைக்குள் விட்டு ஒரு கொட்டையைப் போட்டுவிட்டு எடுக்க வேண்டும். ஜெயித்தவன் அந்த வாரம் பரிமாறுவான், கடைசி ஆளாகச் சாப்பிடுவான். வாராவாரம் இது நடந்தது.

முதல் வாரம் எல்லாமே கறுப்பு. சூசை தன் கொட்டையைக்கூட உலகநாதனுக்கே போட்டிருந்தார். உலகநாதனும் தன் கொட்டையைத் தனக்கே போட்டுக்கொண்டார் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். இரண்டாவது வாரம் முதல், விடுதலையாகும்வரை, ஒவ்வொரு தடவையும் பானைக்குள் ஒரே ஒரு வெள்ளைக் கொட்டை கிடந்தது.

"அந்த ஒரு கொட்டை மட்டும் இல்லேன்னா நாம முழுசா ஒண்ணுதான்" என்றார் உலகநாதன். "அது யாருன்னு எனக்குத் தெரியும். முத வாரம் விட்டுக்கொடுத்தவன் மறுவாரமே மாறிட்டான். அன்னைக்கே புத்தியைக் காட்டினவன் இன்னைக்கு எதிர்த்து நிக்கான். இதுல என்ன அதிசயம்?"

பிறகு குரலைத் தாழ்த்தினார்.

"அவனை ஒருநாள் விசாரணைக்குக் கூட்டிட்டுப் போனாங்களே, ஞாபகம் இருக்கா? திரும்பி வந்து எங்கிட்ட மட்டும் சொன்னான். அடி தாங்காம, நோட்டீஸ் ஒளிச்சு வச்சிருந்த ஆளோட பேரைச் சொல்லிட்டானாம். விடிய விடிய என் மடியில கெடந்து அழுதான். இந்நாள் வரைக்கும் நான் மூச்சு விடல்ல. இன்னைக்கு மேடையில சொல்லப்போறேன். அதோட அவன் கதை முடிஞ்சது. ஊருக்குள்ள தலைகாட்ட மாட்டான்."

சாமி கஞ்சியை அடுப்பிலிருந்து இறக்கினார்.

"முதல்ல கஞ்சி" என்றார்.

மடத்தில் இன்றும் பரிமாறுகிற ஆளைக் கொட்டை போட்டுத்தான் பிடிப்பார்கள். வரிசையில் ஒருவர் பானையை எடுக்கப் போனார். சாமி கையைக் காட்டி நிறுத்தினார்.

"இன்னைக்குக் கொட்டை வேண்டாம். வேட்பாளரு வந்திருக்காரு. அவரை எதிர்த்து இங்க யாரு நிக்கப் போறா? உலகநாதா, நீரே பரிமாறும்."

உலகநாதனுக்கு உள்ளம் குளிர்ந்தது. துண்டை இடுப்பில் இறுக்கிக்கொண்டு வாளியைத் தூக்கினார். ஒவ்வொருவர் கையிலும் கஞ்சி குடிக்க மடித்த பனையோலைப் பட்டை. முதலில் இருந்தவள் ஒரு புல்லறுக்கிற பெண், மடியில் குழந்தை. மேலாக மொண்டு ஊற்றினார்.

"அண்ணாச்சி, பயறையே காணமே. வெறும் தண்ணில்லா கெடக்கு" என்றாள் அவள்.

"சாமி மடத்துத் தண்ணியும் அமிர்தம்தாம்மா, குடி" என்றார் உலகநாதன். ஒரு மாசமாகப் பழகிய சிரிப்பையும் சேர்த்துச் சிரித்தார். வரிசையிலும் நாலு பேர் சிரித்தார்கள்.

ஒவ்வொருவரையும் பெயர் விசாரித்து, தோளைத் தட்டிக்கொண்டே போனார். வரிசைக் கடைசியில் உட்கார்ந்திருந்தவர்கள் அவருடைய ஜீப்பில் வந்த ஆட்கள், கட்சிச் செயலாளர் முப்பிடாதி உட்பட. அவர்கள் பட்டையில் பயறு தொப்பென்று விழுந்தது. பரிமாறியவர் கடைசியில் சாப்பிட வேண்டும் என்ற வழக்கப்படி, மிச்சத்தைத் தன் பட்டையில் கவிழ்த்துக்கொண்டு சாமி பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

சாமி அவர் பட்டையை எட்டிப் பார்த்தார்.

"பயறு ரொம்ப இருக்கு போல?"

உலகநாதன் குனிந்து பார்த்தார். கஞ்சியே இல்லை, எல்லாம் பயறு. நிமிர்ந்து வரிசையின் தலைப்பக்கம் பார்த்தார். அந்தக் குழந்தை பட்டைக்குள் விரலை விட்டுத் துழாவிக்கொண்டிருந்தது. அவருக்கு முகம் சுண்டிப்போனது.

"கலக்க மறந்துட்டேன், சாமி."

"ஜெயில்ல மறக்க மாட்டீரே."

"முத வாரம் அங்கயும் மறந்துதான் போனேன். என் தட்டுல சோறு குவிஞ்சு கெடந்தது. அதுக்கப்புறம் எப்படி மறக்க முடியும்? யாரோ ஒருத்தன் எனக்கு எதிராப் போட்டுட்டான்லா? வர்ற வாரமாவது அவன் மாறணுமேன்னு, அடியில கரண்டியை விட்டுக் கலக்கிக் கலக்கி ஊத்துவேன். அதுலயும் சூசை முகத்தைப் பாத்துப் பாத்து ஊத்துவேன்."

"சூசை முகத்தை எதுக்குப் பாத்தீரு?"

"அவன்தானே போட்டான்?"

"நான்லா போட்டேன்" என்றார் சாமி.

உலகநாதன் பட்டையிலிருந்து தலையை நிமிர்த்தினார்.

"நீங்களா?"

"முத வாரம் எம்பக்கத்துல ஒரு கிழவரு வெறும் தண்ணியைக் குடிச்சிட்டுப் படுத்தாரு. அன்னைக்கு முடிவு பண்ணினேன். ஒவ்வொரு வாரமும் வெள்ளைதான் போட்டேன்."

"எங்கிட்டச் சொல்லியிருந்தா நான் கலக்கியிருப்பேனே, சாமி!"

"ஒரு வாரம் கலக்கியிருப்பீரு."

ஆற்றுப் பக்கமிருந்து காற்று வந்தது. உலகநாதன் மனசுக்குள் கணக்குப் போட்டார். பானையில் எப்போதும் ஒரே வெள்ளைதான் கிடந்தது. அது சாமியுடையது. அப்படியானால் எதிர்த்து நின்ற சூசை?

"அவன் கொட்டை?" என்று கேட்டார்.

"கணக்குத்தான் உமக்கே தெரியுதே."

வாராவாரம். அடிபட்டு வந்து படுத்திருந்த அந்த வாரத்திலும். இருவர் தோளைப் பிடித்துக்கொண்டு பானைவரை நடந்து வந்தாரே சூசை, வீங்கிய கையை உள்ளே விட்டாரே, அன்றைக்கும் கறுப்பைத்தான் போட்டிருக்கிறார். அந்தக் கையைச் சந்தேகத்தோடு பார்த்துக்கொண்டு நின்றது உலகநாதனுக்கு இப்போது நினைவு வந்தது.

எழுந்தார். நேராக அந்தப் பெண்ணிடம் போனார். தன் பட்டையில் இருந்த பயறை, வாய் வைக்காததுதான், அவள் பட்டையில் சரித்தார். குழந்தை அவரை நிமிர்ந்தும் பார்க்காமல் இரு கையாலும் அள்ளியது.

ஜீப் ஹாரன் அடித்தது. முப்பிடாதி கை கழுவிக்கொண்டு வந்தார்.

"அண்ணாச்சி, நேரமாச்சு. சனம் காத்துக் கெடக்கு. சூசை விஷயத்தை எடுத்ததுமே சொல்லிருதியளா, இல்ல கடைசியில வச்சுக்கிடலாமா?"

"எந்த விஷயம்?" என்றார் உலகநாதன்.

"என்ன அண்ணாச்சி இது! ஊரெல்லாம் போஸ்டர் ஒட்டியாச்சே!"

"சூசை நல்லாப் பாடுவான். அதைச் சொல்லுதேன். நீரு போயி வண்டியை எடும்."

முப்பிடாதி வாயைத் திறந்தவர், மூடாமலே வண்டிக்குப் போனார்.

உலகநாதன் மறுபடி விழுந்து எழுந்தார். சாமி நெற்றியில் திருநீறு பூசினார். நாலு எட்டு நடந்தவர், மனசு கேட்காமல் திரும்பினார்.

"சாமி, நாளன்னைக்கு நீங்க யாருக்குப் போடுவிய?"

"சூசைக்கு."

"நான் ஜெயிக்கணும்னு உங்களுக்கு ஆசையில்லையா?"

சாமி காலி வாளியை ஆற்றுக்கு எடுத்துக்கொண்டு நடந்தார்.

"நீருதான் ஜெயிப்பீரு. அதனாலதான்."